பேய் செருப்பைக் கழற்றி வைக்குமா?

அந்த ஞாயிற்றுக்கிழமைக் காலையில் விடுதியின் சாப்பாட்டுக் கூடம் முழுக்க ஈரத் தலைகள். வாரத்தில் அன்று ஒரு நாள்தான் அந்தப் பெண்களுக்கு நிதானமாகத் தலைக்குக் குளிக்க நேரம் கிடைக்கும். சீயக்காய் வாசனையும், உள்ளே கொதித்துக்கொண்டிருந்த சாம்பாரின் பெருங்காய வாசனையும் ஒன்றாகக் கலந்து வந்தன. பெஞ்சுகளில் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தவர்களில் யாருக்கும் இருபத்திரண்டு வயதுக்கு மேல் இருக்காது. முன்னால் ஒரு மேஜை, மேஜைமேல் ஒரு தண்ணீர் பாட்டில், பக்கத்தில் நான்.

என்னை அழைத்து வந்தவர் அந்தப் பனியன் கம்பெனியின் மேனேஜர். அவரே எழுந்து நின்று அறிமுகம் செய்தார்.

"மேடம் எழுதற தொடர்கதையப் படிச்சுட்டுத்தான் உங்கள்ல சில பேரு பயந்துட்டு இருக்கறீங்க. அது வெறும் கதைதான்னு எழுதினவங்க வாயாலயே கேட்டுக்குங்க. அதுக்கப்புறம் யாரும் பேய், சத்தம்னு பேசக்கூடாது. சரிங்களா?"

பின் பெஞ்சில் ஒருத்தி துண்டை அவிழ்த்து மறுபடி தலையில் சுற்றிக்கொண்டாள்.

நான் எழுந்தேன். என்ன பேசுவது என்று வீட்டிலேயே யோசித்து வைத்திருந்தேன். 'பயம் என்பது மனசு நமக்குச் சொல்கிற கதை' என்று ஒரு வரி. நல்ல வரி. கைதட்டல் வாங்கிக் கொடுத்திருக்கும்.

அந்த வரியை அன்று நான் சொல்லவே இல்லை. அதற்குக் காரணம் சொல்ல வேண்டுமானால், கொஞ்சம் பின்னால் போய்விட்டு வர வேண்டும்.

தறிச் சத்தத்தில் கற்றது

நான் பிறந்து வளர்ந்தது சோமனூரில். வீட்டை ஒட்டியே தறிக்கூடம். விசைத்தறிகள் ஓடும்போது பக்கத்தில் நின்று கத்தினாலும் கேட்காது. அந்தச் சத்தத்துக்குள் வளர்கிற எல்லாருமே முகத்தைப் பார்த்துப் பேசப் பழகிவிடுவார்கள். உதடு அசைவது, புருவம் ஏறுவது, கழுத்து லேசாகத் திரும்புவது, இதெல்லாம்தான் எங்களுக்குப் பேச்சு.

என் அம்மா தறிக்கு அந்தப் பக்கம் நின்றபடியே, நான் பள்ளிக்கூடத்தில் அடி வாங்கி வந்திருக்கிறேனா இல்லையா என்று கண்டுபிடித்துவிடுவார். நானும் அவரைக் கண்டுபிடித்துவிடுவேன். சித்தியிடம் "ஒண்ணுமில்ல, தலைவலி" என்று அவர் சொல்லும்போது, அது தலைவலி இல்லை என்று எனக்குத் தெரியும். காதில் விழாத இடத்தில் வார்த்தைக்கு வேலையில்லை. முகம் தனியாகப் பொய் சொல்லக் கஷ்டப்படும்.

என் கதைகள் எல்லாம் அங்கிருந்துதான் வந்தன. அவற்றில் ரத்தம் குறைவு, துப்பாக்கி இல்லவே இல்லை. ஒரு வீடு, அதற்குள் இரண்டு பேர், அவர்களில் ஒருவர் எதையோ மறைக்கிறார். அவ்வளவுதான். முதல் கதை வெளிவந்தபோது பத்திரிகைக்காரர்கள் அட்டையில் 'சைக்கலாஜிகல் சஸ்பென்ஸ்' என்று போட்டிருந்தார்கள். நான் எழுதுவதற்கு அப்படி ஒரு பெயர் இருப்பது எனக்கு அன்றுதான் தெரியும்.

"அந்தப் புருஷன் நானில்லீங்க"

கல்யாணமாகித் திருப்பூருக்கு வந்தேன். என் கணவர் பழனிச்சாமி அப்போதுதான் சின்னதாக ஒரு தையல் யூனிட் ஆரம்பித்திருந்தார். வீட்டுக்கு முன்பக்கம் தகரக் கூரை போட்ட ஷெட். பெரிய ஏற்றுமதிக் கம்பெனிகள் வெட்டிய துணியை அனுப்பும், எங்கள் ஆட்கள் தைத்துக் கொடுப்பார்கள். மத்தியானம் ஷெட்டில் எல்லாரும் சாப்பிட்டு முடித்து மெஷின்கள் திரும்ப ஓட ஆரம்பிக்கும்போது, பின் அறையில் நான் எழுத உட்காருவேன். நிசப்தத்தில் எனக்கு ஒரு வரிகூட ஓடாது. அமாவாசை விடுமுறை என்றால் எனக்கும் விடுமுறைதான்.

என் கதைகளில் வருகிற கணவர்கள் அநேகமாக மோசமானவர்கள். சிரித்தபடியே மனைவியின் மனசைக் குலைப்பவர்கள். இதனால் நிஜத்தில் சங்கடப்பட்டவர் பழனிச்சாமிதான். பக்கத்து வீட்டு அக்கா ஒருநாள் காம்பவுண்டு சுவர் மேல் கையை ஊன்றிக்கொண்டு ரகசியமாகக் கேட்டார்.

"ஏனுங் கலா, உங்க ஊட்டுக்காரரு நல்லவருதானுங்களே? ஏதாவதுன்னா சொல்லிப் போடுங்க. நாங்கெல்லாம் இருக்கறோம்."

பனியன் மொத்த வியாபாரம் நடக்கும் காதர்பேட்டையில் நூல் வாங்கப் போகும் இடத்திலும் இவரைப் பார்த்துச் சிரிக்க ஆரம்பித்துவிட்டார்கள். யாராவது அறிமுகப்படுத்தினால் வணக்கம் சொல்லிவிட்டு உடனே, "அந்தக் கதைல வர்ற புருஷன் நானில்லீங்க" என்பார். அதையே பதினைந்து வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

நான் சொல்ல வந்த இந்தச் சம்பவம் நடந்த சமயத்தில் என் தொடர் ஒன்று ஒரு வார இதழில் வந்துகொண்டிருந்தது. வாடகை வீட்டுக்குக் குடிவரும் ஒரு பெண்ணுக்கு, ஆளில்லாத மேல்மாடியில் ராத்திரியில் யாரோ நடக்கிற சத்தம் கேட்கிறது. கணவன், டாக்டர், வீட்டுக்காரர் எல்லாரும் பிரமை என்கிறார்கள். மேலே ஆள் இருக்கிறதா இல்லையா என்று கேட்டு வாசகர்கள் எழுதிக்கொண்டே இருந்தார்கள். எனக்கே அப்போது தெரியாது என்பதுதான் நிஜம். ஆசிரியர் மட்டும் தெளிவாக இருந்தார். "கடைசில அந்தப் பொண்ணுக்குத்தான் மனநோய்னு முடிங்க. நல்ல அதிர்ச்சியா இருக்கும்" என்று போனில் சொல்லியிருந்தார். நானும் ஏறக்குறையச் சம்மதித்திருந்தேன்.

ஆப்பிள் பையோடு வந்தவர்

அந்தச் சமயத்தில்தான் ஒருநாள் சாயங்காலம் மேனேஜர் எங்கள் வீட்டுக்கு வந்தார். எங்கள் யூனிட்டுக்கு வேலை கொடுத்துக்கொண்டிருந்த கம்பெனியின் மேனேஜர். அவர் வீடு தேடி வந்ததே இல்லை. கையில் ஆப்பிள் பை வேறு. பழனிச்சாமி பதறிப்போய் நாற்காலியைத் துடைத்துப் போட்டார்.

"உங்க எழுத்துக்கு நெம்பப் பவருங்க மேடம்" என்று ஆரம்பித்தார் மேனேஜர்.

விஷயம் இதுதான். கம்பெனியின் பின்புறம் பெண்கள் விடுதி ஒன்று இருந்தது. தென்மாவட்டங்களிலிருந்தும் வேறு ஊர்களிலிருந்தும் வந்து வேலை செய்யும் பெண்கள் அங்கே தங்கியிருந்தார்கள். சில வாரங்களாக அங்கே ஏதோ நடமாடுகிறது என்று பேச்சு. சரஸ்வதி என்ற பெண் பயத்தில் கத்தி, அக்கம்பக்கம் கூடி, பெரிய ரகளையாகிவிட்டது. அதிலிருந்து உடம்பு சரியில்லை என்றாலும் யாரும் விடுதியில் தங்குவதில்லை. காய்ச்சலோடு வேலைக்கு வந்த ஒருத்தி மெஷின்மேலேயே மயங்கி விழுந்துவிட்டாள். சில பேருடைய வீட்டிலிருந்து கூட்டிப்போக வந்துவிட்டார்கள்.

"அங்க ஒரு பொண்ணோட தலகாணிக்கு அடியில உங்க தொடர் வர்ற புஸ்தகம் இருந்துச்சுங்க. அப்பத்தான் எனக்குப் புரிஞ்சுது. நீங்க ஒருக்கா வந்து ரெண்டு வார்த்தை பேசிட்டீங்கன்னா அடங்கிப் போயிரும்."

எனக்குச் சங்கடமாகவும் இருந்தது, கொஞ்சம் பெருமையாகவும் இருந்தது. வருகிறேன் என்று சொல்லிவிட்டேன்.

தூக்கிய கைகள்

இப்போது அந்தக் கூடத்துக்குத் திரும்பலாம்.

பேசுவதற்கு முன்னால், வெறுமனே ஒரு பேச்சுக்காக, "என் கதையை யாரெல்லாம் படிக்கிறீங்க?" என்று கேட்டேன். ஐந்தாறு கைகள் உயர்ந்தன. முதல் பெஞ்சில் இருந்த கறுப்பான, பெரிய கண்ணுள்ள பெண் இரண்டு கையையும் தூக்கினாள். சிரிப்பு எழுந்தது.

"சரி, பயந்து போனவங்க யாரு?"

சிரிப்பு நின்றுவிட்டது. தயங்கித் தயங்கிக் கைகள் எழுந்தன. நான் முகங்களைப் பார்த்துக்கொண்டே வந்தேன். முதலில் கை தூக்கிய ஒருத்திகூட இரண்டாவது முறை தூக்கவில்லை. இப்போது தூக்கியவர்கள் முற்றிலும் வேறு பெண்கள்.

படித்தவர்கள் பயப்படவில்லை. பயந்தவர்கள் படிக்கவில்லை.

தண்ணீர் பாட்டிலைத் திறந்து ஒரு வாய் குடித்தேன். பிறகு மேனேஜரிடம், "நீங்க சித்த வெளிய இருக்க முடியுங்களா? பொண்ணுங்க பேசறதுக்குக் கூச்சப்படுவாங்க" என்றேன். அவர் தயங்கிவிட்டு வெளியே போனார். வார்டன் அம்மா மட்டும் வாசலோரம் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார்.

நான் மேஜையை விட்டுவிட்டு வந்து பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்தேன். "நான் பேச வரல. நீங்க சொல்லுங்க" என்றேன்.

முதலில் பேசியது அந்தப் பெரிய கண்ணுக்காரிதான். பெயர் ஜெபா. சங்கரன்கோவில் பக்கம்.

"அக்கா, ஒங்க கதைல ராத்திரியிலதான சத்தம் கேக்கும்? இங்க மத்தியானத்துல. ராத்திரி நாங்க இத்தன பேரு கெடக்கோம், ஒண்ணுமே கெடையாது. எல்லாரும் வேலைக்குப் போனப்பொறவு, ஒடம்புக்கு முடியலன்னு எவளாவது தனியாக் கெடந்தா அன்னைக்குத்தான் வரும். சொன்னா நம்ப மாட்டேங்காவ. ஒங்க கதையப் படிச்சுக் கெட்டுப் போயிட்டோம்ங்காவ. சரஸ்வதி புஸ்தகமே தொட மாட்டா. அவகிட்டயே கேளுங்க."

சரஸ்வதி கடைசி பெஞ்சில் சுவரோடு ஒட்டி உட்கார்ந்திருந்தாள். தலைக்குக் குளிக்கவில்லை. நகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"காய்ச்சல்னு படுத்திருந்தேங்க்கா. வராண்டாவுல யாரோ நடந்து வந்தாங்க. ரூம்கிட்ட வந்ததும் சத்தம் நின்னுச்சு. செருப்பக் கழட்டி வெச்ச மாதிரி கேட்டுச்சு. அப்புறம் சத்தமே இல்ல. கதவு மெதுவாத் தெறந்துச்சு."

"யாருன்னு பாத்தியா?"

"போர்வைய இழுத்து மூடிக்கிட்டேன். கீழ்ப்பக்கமாக் காலு மட்டும் தெரிஞ்சுது. கட்டில்கிட்ட வந்து நின்னாங்க. நான் கத்தினேன். ஓடிப்போயிட்டாங்க. வார்டன் அம்மா வந்து பார்க்கறப்போ யாரும் இல்ல."

வார்டன் அம்மா மெதுவாகச் சொன்னார். "வாசக் கேட்டுலதான் நான் உக்காந்திருந்தேன் மேடம். ஒரு ஈ, காக்கா உள்ள போகல. அதனாலதான் காய்ச்சல்ல ஏதோ பிதற்றுறான்னு நானும் நெனச்சேன்."

பயத்தை எழுதியே பிழைக்கிறவள் நான். இட்டுக்கட்டிய பயம் எனக்குத் தெரியும். அதற்கு அலங்காரம் உண்டு. பேயைப் பார்த்ததாகச் சொல்பவர்கள் அதன் கண்ணைச் சொல்வார்கள், தலைமுடியைச் சொல்வார்கள், ஒவ்வொரு முறை சொல்லும்போதும் கூந்தல் ஒரு முழம் வளரும். இந்தப் பெண் சொன்னது செருப்பைக் கழற்றிய சத்தம். எந்தப் பேயாவது செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு உள்ளே வருமா? சத்தம் வரக்கூடாது என்று நினைக்கிற மனுஷன்தான் கழற்றி வைப்பான்.

"எனக்குக் கிறுக்குன்னு சொல்றாங்கக்கா" என்றாள் சரஸ்வதி. அழவில்லை. அழுது முடித்துப் பல நாளான முகம் அது.

"உனக்கு ஒண்ணுமில்ல. ஒரு ஆள் வந்திருக்கான். எந்த வழியா வந்தான்னு பார்ப்போம், வா" என்றேன்.

எண்ணெய் போட்ட கீல்

விடுதியின் வராண்டா கடைசியில் ஒரு சாமான் அறை இருந்தது. ஒடிந்த கட்டில்கள், வாளிகள், பழைய ஃபேன். அதன் பின்சுவரில் இன்னொரு கதவு. அந்தப் பக்கம் கம்பெனியின் கழிவுத் துணி குடோன். விடுதி கட்டுவதற்கு முன் இரண்டும் ஒரே கட்டடமாக இருந்ததாம். கதவை குடோன் பக்கத்திலிருந்து பூட்டி வருடக்கணக்காகிறது என்றார் வார்டன் அம்மா.

ஜெபா கட்டில்களுக்கு நடுவே புகுந்து போனாள். நானும் பின்னால் போனேன். எல்லாவற்றின் மேலும் தூசி அப்பியிருந்தது. கதவின் கீல்களில் மட்டும் கறுப்பாக, ஈரமாக எண்ணெய் மினுங்கியது. விரலில் தொட்டு முகர்ந்து பார்த்தேன். எங்கள் ஷெட்டில் தினமும் மூக்கில் ஏறுகிற அதே தையல் மெஷின் எண்ணெய்.

என் கதையில் இப்படி ஒரு தடயத்தை வைத்திருந்தால், ரொம்பச் சுலபமாக இருக்கிறது என்று ஆசிரியர் அடித்திருப்பார்.

மேனேஜரை அழைத்துக் காட்டினேன். அவர் கீலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பிறகு சிரித்தார்.

"மேடம், நீங்க கதை எழுதறவங்க. எதைப் பார்த்தாலும் உங்களுக்குக் கதையாத்தான் தெரியும். ஏதோ எண்ணெ வடிஞ்சிருக்குமுங்க. நான் விசாரிச்சுச் சொல்றனுங்க."

அந்த நிமிஷம்தான் என் கதாநாயகிக்கு எப்படி இருந்திருக்கும் என்று எனக்குத் தெரிந்தது. என் கண்ணால் பார்த்தது, என் விரலில் இன்னும் பிசுபிசுப்பது, அதைப் பிரமை என்று ஒருவர் மரியாதையாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். இத்தனை வாரமாக ஒரு பெண்ணின் தலையில் நான் எழுதிக் கட்டியது இதைத்தான்.

"முதலாளியக் கூப்பிடுங்க. அவரு வந்து பார்க்கட்டும்" என்றேன்.

"ஞாயித்துக்கெழமைங்க மேடம்." குரலைத் தாழ்த்திக்கொண்டார். "பழனிச்சாமி அண்ணனுக்கு அடுத்த சீசனுக்குப் பெரிய ஆர்டரு ஒண்ணு பேசிட்டிருக்கறனுங்க. இந்த நேரத்துல இதெல்லாம் எதுக்குங்க?"

எங்கள் ஷெட்டின் முக்கால்வாசி வேலை அந்தக் கம்பெனியிலிருந்துதான் வந்துகொண்டிருந்தது. அது எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். நான் வார்டன் அம்மாவின் செல்போனை வாங்கிக்கொண்டு வராண்டாவுக்குப் போய் பழனிச்சாமிக்குப் போன் செய்தேன். நடந்ததைச் சொன்னேன். ஆர்டர் விஷயத்தையும் சொன்னேன்.

மறுமுனையில் இவர் கேட்டது ஒன்றே ஒன்று.

"நீ உன்ற கண்ணால பாத்தியா?"

"பார்த்தேன். தொட்டும் பார்த்தேன்."

"அப்புறம் என்னைய எதுக்குக் கேக்கற? முதலாளி நம்பர் சொல்றேன், போடு."

முதலாளி வந்தார்

அவர் கோயிலிலிருந்து நேராக வந்திருக்க வேண்டும். நெற்றியில் விபூதி, தோளில் துண்டு. அறுபதைத் தாண்டியவர். அவரை அதற்கு முன் ஒரே ஒரு முறை, ஒரு கல்யாணத்தில், தூரத்திலிருந்து பார்த்திருக்கிறேன்.

"சொல்லுங்க அம்மணி" என்றார். நான் சொல்ல ஆரம்பித்ததும் கையைக் காட்டி நிறுத்தினார். "பேச்சு அப்புறம் ஆகட்டும். மொதல்ல கதவக் காட்டுங்க."

குடோன் பக்கமாகச் சுற்றிப் போய்ப் பூட்டைத் திறக்கச் சொன்னார். சாவி வந்தது. பூட்டும் சிரமமில்லாமல் திறந்தது. அவர் இந்தப் பக்கம் நின்றுகொண்டு இரண்டு விரலால் கதவைத் தள்ளினார்.

அது சத்தமே இல்லாமல் திறந்தது.

அத்தனை பெண்களும் பின்னால் நின்றிருந்தோம். அவர் கதவைச் சாத்தினார், மறுபடி தள்ளினார், மறுபடியும் சத்தமில்லை.

"சாவி இத்தன நாளா எங்க இருந்துச்சு?"

"டைம் ஆபீஸ்லங்க" என்றார் மேனேஜர்.

ஆட்கள் வரும் நேரம், போகும் நேரம், யார் லீவு என்பதையெல்லாம் கவனிக்கும் இடத்தைத்தான் அங்கே டைம் ஆபீஸ் என்பார்கள். எனக்குப் பின்னாலிருந்து ஜெபாவின் குரல் வந்தது.

"ஒடம்புக்கு முடியலன்னா நாங்க லீவு சொல்லுததும் அந்த டைம் ஆபீஸ்காரர்கிட்டதான்யா. எந்த ரூம்ல படுத்திருக்கன்னு வேற கேப்பாரு. வைத்தியம் பாக்கத்தான் கேக்காருன்னு நெனச்சோம்."

டைம் ஆபீஸில் இருந்தவன் மேனேஜரின் மைத்துனன். நான் மேனேஜரின் முகத்தைப் பார்த்தேன். இன்றுவரை நான் சத்தியம் செய்வேன், அந்த நொடிவரை அவருக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளவும் அவர் விரும்பியதில்லை. இரண்டும் ஒரே முகத்தில் அடுத்தடுத்து வந்து போயின. பக்கத்திலிருந்த ஒடிந்த கட்டிலின் விளிம்பில் உட்கார்ந்துவிட்டார்.

ஆள் அனுப்பி அவனைக் கூட்டி வந்தார்கள். சாவியைப் பார்த்ததும் அவன் எதையும் மறுக்கவில்லை. சும்மா பார்க்கத்தான் போனேன் என்று ஏதோ முனகினான். முதலாளி அவனை அடிக்கவில்லை. "இவன அக்கட்ட கூட்டிட்டுப் போய் உக்கார வைங்க" என்று மட்டும் சொன்னார்.

ஒரு தாளில் இருக்கட்டும்

பிறகு முதலாளி எங்களைக் கூடத்தில் உட்கார வைத்துப் பேசினார்.

"இவன இன்னைக்கே வேலைய விட்டுத் தாட்டி விட்டுர்றேன். இந்தக் கதவு இருக்கற எடத்துல செவுரு வந்துரும். ஆனா ஒண்ணு. போலீஸ், கேஸுன்னு போனா வெளிய நாலு பேரு நாலு விதமாப் பேசுவாங்க. உங்களுக்குத்தான் கெட்ட பேரு வரும். அதனால யோசிச்சுச் சொல்லுங்க."

அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. பல பெண்கள் தலையை ஆட்டினார்கள். ஊரில் தெரிந்தால் வேலையை விட்டுவிட்டு வரச் சொல்லிவிடுவார்கள் என்ற பயம் அவர்களுக்கு.

சரஸ்வதி எழுந்தாள். அன்று காலையிலிருந்து அவள் நிமிர்ந்து நின்றதை அப்போதுதான் பார்க்கிறேன்.

"நான் எழுதிக் குடுக்கறேங்க."

"யோசிச்சுக்க கண்ணு."

"எனக்குக் கிறுக்குப் புடிச்சிருக்கு, வந்து கூட்டிட்டுப் போங்கன்னு எங்கம்மாவுக்குப் போன் பண்ணிச் சொல்லிட்டாங்கய்யா. அம்மா கோயில் கோயிலா வேண்டிட்டு இருக்காங்க. நான் சொன்னது நெசம்னு ஒரு தாள்லயாவது இருக்கட்டும்."

முதலாளி துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். பிறகு அவள் வீட்டு எண்ணைக் கேட்டு, தன் போனிலேயே போட்டார். கூடத்தில் எல்லாருக்கும் கேட்டது.

"நான் கம்பெனி முதலாளி பேசறனுங்க. உங்க புள்ளைக்கு ஒண்ணுமில்லீங்க. அவ சொன்னதுதான் நெசம். நாங்கதான் நம்பாமப் போயிட்டோம். தப்பு எங்க மேலதானுங்க." கொஞ்ச நேரம் அந்தப் பக்கம் பேசுவதைக் கேட்டார். "இல்லீங்க, நல்லாருக்கா. இந்தாங்க, அவகிட்டயே பேசுங்க."

சரஸ்வதி போனை வாங்கிக் காதில் வைத்தாள். "அம்மா" என்றாள். ஜெபா ஓடிப்போய் அவளைப் பிடித்துக்கொண்டாள்.

அன்று மத்தியானம் மகளிர் காவல் நிலையத்துக்கு முதலாளியின் காரில் போனோம். சரஸ்வதி, ஜெபா, வார்டன் அம்மா, நான். ஸ்டேஷனில் பெண் எஸ்.ஐ. ஒருவர் சரஸ்வதியை எதிரில் உட்கார வைத்து டீ வரவழைத்துக் கொடுத்தார். பிறகு, "நிதானமாச் சொல்லும்மா, நான் எழுதிக்கறேன்" என்றார். வழக்கு நடந்தது. இழுத்துக்கொண்டுதான் போனது. கடைசியில் அவனுக்குத் தண்டனை கிடைத்தது, சின்னதாக. சரஸ்வதி ஒவ்வொரு வாய்தாவுக்கும் போனாள். ஒரு தடவைகூடத் தவறவில்லை.

காதர்பேட்டைக்குப் போனவர்

மேனேஜர் பேசிக்கொண்டிருந்த அந்தப் பெரிய ஆர்டர் எங்களுக்கு வரவில்லை. இருந்த வேலையும் கொஞ்சம் கொஞ்சமாக நின்றுபோனது. யாரும் வாய்விட்டு எதுவும் சொல்லவில்லை. துணி வரவில்லை, அவ்வளவுதான். முதலாளியிடம் போய்ச் சொல்லலாமே என்றேன். "ஞாயத்துக்குக் கூலி கேக்கப் போறதா? வேண்டாம்" என்றுவிட்டார் இவர்.

ஷெட்டில் பாதி மெஷின் ஓடாத மாதங்கள் அவை. சத்தம் குறைந்ததால் எனக்கும் எழுத்து வரவில்லை. இவர் காதர்பேட்டைக்கு நடையாக நடந்தார். வெளிநாட்டு ஆர்டரை மறந்துவிட்டு, வடக்கிலிருந்து வந்து கொள்முதல் செய்யும் வியாபாரிகளுக்குக் குழந்தைகள் பனியன் தைத்துக் கொடுக்க ஆரம்பித்தார். இந்தியில் ஏக், தோ, தீன் என்று சமையலறையில் நின்று என்னிடம் ஒப்பித்துக் காட்டுவார். ஏழு மட்டும் கடைசிவரை அவர் வாயில் நுழையவில்லை. ஏழு டஜன் கேட்ட வியாபாரிக்கு எட்டு டஜன் கொடுத்துவிட்டு வந்துவிடுவார்.

இரண்டு மூன்று வருடம் கழித்து அமெரிக்காவில் வங்கிகள் விழுந்தன. இங்கே ஏற்றுமதி ஆர்டர்கள் நின்றன. எங்கள் தெருவிலேயே எத்தனையோ ஷெட்டுகள் பூட்டிக் கிடந்தன. உள்நாட்டு வியாபாரம் என்பதால் எங்கள் ஷெட் மட்டும் ஓடியது. அதற்காக யாரையும் ஜெயித்துவிட்டதாக நாங்கள் நினைக்கவில்லை. பூட்டிய ஷெட்டுகளிலிருந்து வந்த சிலருக்கு வேலை கொடுக்க முடிந்தது. அதில் இவருக்கு ரொம்பச் சந்தோஷம்.

தொடர்கதையைப் பற்றிக் கேட்பீர்கள். ஆசிரியருக்குப் போன் போட்டு, அந்தப் பெண்ணுக்கு மனநோய் இல்லை, மேல்மாடியில் ஆள் இருக்கிறான் என்றேன். அதில் அதிர்ச்சி எங்கே இருக்கிறது என்றார் அவர். "அவ சொன்னது நெசம்னு எல்லாரும் ஒத்துக்கறாங்களே, அதுதானுங்க அதிர்ச்சி" என்றேன். அரை மனசாக விட்டுக்கொடுத்தார். அந்த முடிவுக்கு வந்த அளவு கடிதங்கள் எனக்கு வேறு எந்த முடிவுக்கும் வந்ததில்லை. பெரும்பாலும் பெண்கள். பலர் பெயர் போடவில்லை.

கிறிஸ்துமஸ் சாப்பாடு

சரஸ்வதி புகார் கொடுத்த அந்த வருடக் கடைசியில் ஜெபா என்னைக் கிறிஸ்துமஸ் சாப்பாட்டுக்கு விடுதிக்கு அழைத்திருந்தாள். விடுதி மாறியிருந்தது. சாமான் அறையில் சுவர் எழுப்பிச் சுண்ணாம்பும் அடித்தாயிற்று. எல்லா அறைகளுக்கும் உள்பக்கம் புதுத் தாழ்ப்பாள். எல்லாவற்றையும்விடப் பெரிதாக, ஜெபா முதலாளியிடம் நேரில் போய்ப் பேசி வாங்கிய ஒரு ஏற்பாடு: யாராவது உடம்பு சரியில்லாமல் படுத்தால், துணைக்கு ஒருத்தி கூட இருக்கலாம். அவளுக்கும் அன்றைய சம்பளம் உண்டு.

"மொதல்ல முடியாதுன்னுட்டாவ. நான் எந்திரிக்கவே இல்லக்கா. அப்படியே உக்காந்திருந்தேன். பொறவு சரின்னாவ" என்றாள்.

கூடத்தில் வண்ணக் காகிதங்கள் தொங்கின. பண்டிகைக்கு ஊருக்குப் போகாத பெண்கள் எல்லாரும் மதம் பார்க்காமல் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்கள். பிரியாணி வாசனை வராண்டா வரைக்கும் வந்தது. சரஸ்வதியைக் காணவில்லை. எங்கே என்று கேட்டேன்.

"புதுசா ஒரு புள்ள வந்திருக்கா, தர்மபுரிக்காரி. காலையிலேர்ந்து அவளுக்குக் காய்ச்சல். இவதான் தொணைக்கு இருக்கா. வாங்க, காட்டுதேன்."

வராண்டாவின் கடைசிக்கு முந்தைய அறை. மத்தியான வெயில் சன்னல் வழியாக வந்து தரையில் சதுரமாக விழுந்திருந்தது. கதவு திறந்தே கிடந்தது. கட்டிலில் அந்தப் புதுப் பெண் கழுத்துவரை போர்த்திக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தாள். பக்கத்துத் தரையில், கட்டிலின் சட்டத்தில் தலையைச் சாய்த்து, வாயைத் திறந்துகொண்டு சரஸ்வதியும் தூங்கிக்கொண்டிருந்தாள். மடியில் விசிறியாக மடித்த அட்டை ஒன்று நழுவிக் கிடந்தது. லேசாகக் குறட்டை வேறு.

ஜெபாவுக்குக் கோபமும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.

"காவலுக்கு விட்டவ தூங்குத லெச்சணத்தப் பாருங்கக்கா. இருங்க, எழுப்புதேன்."

நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"எழுப்பாத. தூங்கட்டும்."

கூடத்திலிருந்து சாப்பிடக் கூப்பிட்டார்கள். நாங்கள் இரண்டு பேரும் கொஞ்ச நேரம் அந்த வாசலிலேயே நின்றிருந்துவிட்டுப் போனோம்.